கனகா கொண்டுவராத சேதி

கனகா புஜைராவில் வந்து இறங்கியபோது அவளுக்கு இருபத்தெட்டு வயது. இளையான்குடிக்குத் தெற்கே, மழை பெய்தால் மிளகாய், பெய்யாவிட்டால் கருவேலம் என்றிருந்த ஒரு கிராமத்துக்காரி. ஆறு வயது மகள் அருணாவை மூத்த அக்கா வீரம்மாளிடம் விட்டுவிட்டு, 2002ஆம் வருடம் மாசி மாதத்தில், வீட்டு வேலை விசாவில் வந்தாள். புருஷன் வைரவன் அதற்கு ஒரு வருடம் முன்பே தோட்ட வேலைக்கு வந்திருந்தான். இருவருக்கும் ஒரே முதலாளி. மஹ்மூது என்கிற பெரியவர். 'அர்பாப்' என்றுதான் எல்லோரும் கூப்பிடுவார்கள். வாரத்தில் மூன்று நாள் புஜைரா நகரத்தில் அவர் வீட்டுச் சமையல்கட்டில் நிற்க வேண்டும். மிச்ச நாட்களில் மசாஃபி மலையடிவாரத்தில் இருக்கிற அவருடைய தோட்டத்தில் புருஷனோடு இருந்துகொள்ளலாம். கூலிக்குக் கடல் கடந்து போனவர்களில் புருஷனும் பெண்டாட்டியும் ஒரே கூரைக்குக் கீழே இருக்கக் கொடுத்துவைத்தவர்கள் குறைவு. வைரவனே அதற்கு முன்னால் இரண்டு வருடம் தோஹா தொழில்பேட்டையில் ஒரு ரூமில் பன்னிரண்டு பேரோடு படுத்து எழுந்தவன். ஆகவே கனகா அதை ஒரு பாக்கியம் என்றே நினைத்தாள்.

தோட்டம் என்று சொல்லித்தான் அழைத்து வந்தார்கள். பிக்கப் வண்டியிலிருந்து இறங்கிப் பார்த்தால் மூன்று பக்கமும் மொட்டை மலை, நடுவில் கல். உள்ளங்கை அளவுக் கல்லிலிருந்து ஆட்டுக்குட்டி அளவுக் கல் வரைக்கும் கொட்டிக் கிடந்தது. அரசாங்கம் குடிமக்களுக்குத் தோட்டம் போட்டுக்கொள்ளச் சொல்லிப் பிரித்துக் கொடுத்த பூமி அது. அதுவரைக்கும் அதில் ஏர் பட்டதில்லை, வேர் பட்டதில்லை. ஓரமாக ஒரு கிணறு, சிமெண்டுத் தொட்டி ஒன்று, தகரம் வேய்ந்த அறை ஒன்று. அறையின் வாசலில் வைரவன் சிரித்துக்கொண்டு நின்றான். பக்கத்தில், சணல் சாக்கு சுற்றிய நாற்பது பேரீச்சங்கன்றுகள் குழிகளில் நின்றன. அந்த நாற்பது குழிகளையும் கடப்பாரையால் அவன் ஒருத்தனே தோண்டியிருந்தான்.

மறுநாள் காலையிலேயே கனகா கல் பொறுக்க ஆரம்பித்தாள். மூன்று வருடம் கல் பொறுக்கினாள் என்றே சொல்லலாம். பொறுக்கிய கல்லை எல்லையில் அடுக்கினாள். இடுப்பளவுக்கு ஒரு சுவரே எழுந்துவிட்டது. மழைக்காலத்தில் மலையிலிருந்து வெள்ளம் இறங்கி வருகிற, வாதி என்கிற காட்டாற்றில் வண்டல் படிந்திருக்கும். அதை டிராக்டரில் அள்ளி வந்து, ஆட்டுப் புழுக்கையைக் கலந்து, பாத்தி பாத்தியாக மண்ணை உண்டாக்கினார்கள். காற்று மறைப்புக்கு இலந்தையை வரிசையாக வைத்தார்கள். சொட்டுநீர்க் குழாய் இழுத்தார்கள். முதல் வருடம் வெண்டையும் கத்தரியும், அடுத்த வருடம் ஆடுகளும், அவற்றுக்கு ஜத் என்று அரபிகள் சொல்லுகிற தீவனப் புல்லும். வெள்ளிக்கிழமைகளில் அர்பாப் குடும்பத்தோடு வருவார். பாய் விரித்து உட்கார்ந்து, தன் பூமியில் காய்த்த வெண்டைக்காயைக் கையில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்ப்பார். அவருடைய தகப்பனார் முத்துக் குளித்தவர். நட்டு வளர்த்துத் தின்பது அந்தக் குடும்பத்துக்கே புதிது.

கல்சுவருக்கும் கம்பி வேலிக்கும் அப்பால் இன்னொரு தோட்டம். அங்கே பன்னீர்செல்வம் என்று ஒருவர் தனியாளாக இருந்தார். பட்டுக்கோட்டைப் பக்கம். நாற்பத்தைந்து வயதிருக்கும். ஊரில் மனைவியும் இரண்டு பெண்களும். அவருடைய முதலாளி துபாயில் வியாபாரம் செய்கிறவர், மாதத்துக்கு ஒருமுறை எட்டிப் பார்த்தால் அதிகம். பன்னீர்செல்வம் வைரவனுக்கும் ஆறு மாதம் முந்தி வந்து, அறுபது பேரீச்சை வைத்திருந்தார். கனகா அவரை அண்ணே என்றாள். அவர் இவளை அம்மா என்றும் தங்கச்சி என்றும் வாய்க்கு வந்தபடி கூப்பிடுவார். மீன் வாங்கினால் வேலிக்கு இந்தப் பக்கம் பாதி வரும். இவள் குழம்பு வைத்தால் அந்தப் பக்கம் ஒரு கிண்ணம் போகும்.

அவள் வந்த முதல் கோடையில் கிணற்று மோட்டாரின் காயில் எரிந்துபோனது. ஜூலை மாதம். அர்பாப் குடும்பத்தோடு வெளிநாடு போயிருந்தார். புது மோட்டார் வர ஒன்பது நாளாயிற்று. இரண்டாம் நாள் மத்தியானமே கன்றுகளின் குருத்து சாயத் தொடங்கியது. வைரவன் வாளியைத் தூக்கிக்கொண்டு எங்கே போவது என்று தெரியாமல் நின்றான். அப்போது பன்னீர்செல்வம் தோளில் ரப்பர் குழாய்ச் சுருளோடு வேலியைத் தாண்டி வந்தார். உங்கள் முதலாளியைக் கேட்க வேண்டாமா என்று கனகாதான் கேட்டாள்.

"கேட்டுக்கிட்டு நின்னா கன்னு காத்திருக்காதும்மா. மொதல்ல ஊத்துவோம்" என்றார்.

ஒன்பது நாளும் அவர் கிணற்றுத் தண்ணீர்தான். நாற்பதில் இரண்டே கன்றுகள் போயின. அதற்காக ஒரு நன்றிச் சொல்லைக்கூட அவர் நின்று வாங்கிக்கொண்டதில்லை.

பிறகு, தொடர்ந்து இரண்டு குளிர்காலம் மழை பொய்த்தது. வாதியில் வெள்ளமே வரவில்லை. எல்லாக் கிணறுகளிலும் நீர் இறங்கியது. கனகா கயிற்றில் கல்லைக் கட்டி, முழத்துக்கு ஒரு முடிச்சுப் போட்டு, வாரா வாரம் கிணற்றில் இறக்கிப் பார்ப்பாள். தண்ணீர் இல்லாத ஊரில் பிறந்தவள். ஆழம் பார்ப்பது அவளுக்குப் பழக்கம் மட்டுமில்லை, பயமும்கூட. 2005 ஜனவரியில் நீர்மட்டம் நான்கு முடிச்சு கீழே போயிருந்தது. ஆனால் தண்ணீர் இனிப்பாகவே இருந்தது.

பன்னீர்செல்வத்தின் கிணறு பள்ளத்துப் பக்கம். அதில் உப்பு ஏறிவிட்டது. முதலில் ஜத் புல் நுனி கருகியது. பிறகு பேரீச்சை ஓலைகளில் மஞ்சள் ஓடியது. பிப்ரவரி மாதம் ஒரு காலையில் அவர் வேலியோரம் வந்து நின்று வைரவனைக் கூப்பிட்டார். கனகா ஆட்டுக்குத் தீவனம் வைத்துக்கொண்டிருந்தாள். அவர் வாய்விட்டு ஒன்றைக் கேட்டு அவள் பார்த்தது அதுதான் முதல் தடவை. தன் முதலாளி புதுக் கிணறு போடுவதாகச் சொல்லியிருக்கிறார், அதுவரைக்கும் காலையில் கொஞ்ச நேரம் தண்ணீர் விட முடியுமா, உப்புத் தண்ணியோடு நல்ல தண்ணியும் கலந்து பாய்ச்சினால் மரம் தாங்கிக்கொள்ளும் என்றார்.

வைரவன் தலையைச் சொறிந்தான். "நான் கூலிக்காரன்ணே. அர்பாபைக் கேக்காமக் குடுத்தா நாளைக்கு ஒரு பேச்சு வந்துரும். கனகா செவ்வாக்கிழமை வீட்டுக்குப் போகுது. கேட்டுட்டு வரச் சொல்றேன்."

பன்னீர்செல்வம் அது நியாயம்தான் என்றார். அவர் முகம் மாறவில்லை. ஆனால் கனகாவுக்கு அந்த ஜூலை மாதத்துக் குழாய்ச் சுருள் ஞாபகத்துக்கு வந்தது. அவருக்கும் வந்திருக்கும்.

அர்பாப் அந்தச் சமயம் இடுப்பெலும்பு முறிந்து கட்டிலில் இருந்தார். தோட்டத்துக்கு வர முடியாது. மலை இடுக்கில் தோட்டம் இருந்ததால் அங்கே போனும் சரியாக எடுக்காது. தோட்டத்துச் சேதி வீட்டுக்கும், வீட்டுச் சேதி தோட்டத்துக்கும் கனகாவின் வாய்வழியாகத்தான் போய் வந்தது. செவ்வாய்க்கிழமை கஹ்வா காப்பி கொண்டுபோய்க் கொடுக்கும்போது தனக்குத் தெரிந்த சமையல்கட்டு அரபியில் விஷயத்தைச் சொன்னாள். பெரியவர் யோசிக்கவேயில்லை. தண்ணீர் கேட்டு வந்தவனைக் காக்க வைத்தது தப்பு, காலையில் இரண்டு மணி நேரம் திறந்துவிடச் சொல், அவன் கிணறு சரியாகும்வரை விடட்டும், வைரவனிடம் நான் சொன்னதாகச் சொல் என்றார். இரண்டு விரலைத் தூக்கிக் காட்டியும் சொன்னார். அரபி புரியாமல் போயிற்று என்று கனகா பின்னாளில் தனக்குத்தானே சொல்லிப் பார்த்ததுண்டு. அந்த இரண்டு விரல்கள் அந்தப் பொய்யை நிற்க விடவில்லை.

அன்றே, கறி கழுவிக்கொண்டிருந்தபோது, பெரியவரின் மனைவி வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். நல்ல மனுஷி. இந்த வருடம் மரங்கள் முதல் முதலாகப் பாளை விட்டிருக்கின்றனவாமே என்று கேட்டாள். ஆமாம் என்றாள் கனகா. குலை பிடித்துவிட்டால் அவர் சந்தோஷப்படுவார், அந்தச் சந்தோஷத்திலேயே உன் மகளுக்கு விசிட் விசா எடுத்துக் கொடுக்கச் சொல்கிறேன், பள்ளிக்கூட லீவில் வந்து உன்னோடு இருக்கட்டும் என்றாள். கனகா கறிச்சட்டியைக் கீழே வைத்துவிட்டாள். அருணாவை அவள் பார்த்து மூன்று வருடம் ஆகியிருந்தது. போனில் பேசினால் அந்தப் பிள்ளை 'உம், உம்' என்பதோடு நிறுத்திக்கொள்ளும்.

மூன்று நாள் கழித்துப் பிக்கப்பில் திரும்பி வரும்போது அவளிடம் இரண்டு சேதிகள் இருந்தன. வழியெல்லாம் கயிற்று முடிச்சுகளை எண்ணிக்கொண்டே வந்தாள். பிஞ்சு பிடிக்கிற காலத்தில்தான் மரத்துக்குத் தண்ணீர் முக்கியம். தினம் இரண்டு மணி நேரம் வெளியே போனால் கிணறு தாங்குமா? இதிலும் உப்பு ஏறிவிட்டால்? குலை உதிர்ந்துவிட்டால்? வண்டி கேட்டுக்கு வந்தபோது வைரவன் மண்வெட்டியும் கையுமாக ஓடி வந்தான்.

"அர்பாப் என்ன சொன்னாக?"

"இன்னும் ஒண்ணும் சொல்லலைங்க. யோசிச்சுச் சொல்றேன்டாக."

அவ்வளவுதான். மூச்சு விடுகிற நேரம்கூட ஆகவில்லை அதைச் சொல்ல. அடுத்த வாரம் சொல்லிவிடலாம் என்றுதான் நினைத்தாள். சத்தியமாக அப்படித்தான் நினைத்தாள். இன்னும் ஒரு வாரம், பிஞ்சு கொஞ்சம் நிலைக்கட்டும். பிறகு விசா சேதியை மட்டும் சொன்னாள். வைரவன் அவளைப் பிடித்துச் சுற்றினான்.

அடுத்த வாரம் போனபோது பெரியவர் அவளைப் பார்த்து, பக்கத்துத் தோட்டத்துக்குத் தண்ணீர் போகிறதா என்று கேட்டார். கனகா தலையை ஆட்டினாள். போகிறது என்று வாயால்கூடச் சொல்லவில்லை, வெறுமே ஆட்டினாள். ஆனால் அதன் பிறகு வழி அடைபட்டுப் போயிற்று. இனிமேல் வைரவனிடம் சொன்னால் போன வாரம் ஏன் சொல்லவில்லை என்பான். அவனிடம் சொல்லாவிட்டால் தண்ணீர் போகாது. மூன்றாவது வாரம் இன்னும் கஷ்டமாயிற்று. நான்காவது வாரம் அதைப் பற்றி யாரும் கேட்காமல் இருந்தாலே போதும் என்று ஆகிவிட்டது.

பன்னீர்செல்வம் இரண்டு தடவை கேட்டார். வைரவன் சங்கடத்தோடு, அர்பாப் உடம்பு சரியில்லாமல் இருக்கிறார், இன்னும் பதில் வரவில்லை என்றான். மூன்றாவது தடவை அவர் கேட்க வரவில்லை. வேலிக்கு அந்தப் பக்கம் குடத்தில் தண்ணீர் சுமந்து ஊற்றுவது மட்டும் தெரிந்தது. வாதிக்கு மேலே, மலை இடுக்கில், ஊறுகிற ஒரு குட்டை இருந்தது, அங்கிருந்து சுமந்தார். அறுபது மரத்துக்குக் குடத்துத் தண்ணீர் எம்மாத்திரம்? கனகா அந்தப் பக்கம் பார்க்காமல் கல் பொறுக்கப் பழகினாள். குழம்புக் கிண்ணத்தைக் கொடுக்கக்கூட வைரவனைத்தான் அனுப்பினாள்.

மார்ச் கடைசியில் அவருடைய முதலாளி துபாயிலிருந்து வந்தார். கருகிக் கிடந்த புல்லைப் பார்த்தார். புதுக் கிணறு போடுவதாக இருந்த ஆள், தோட்டமே வேண்டாம், கலாஸ், முடிந்தது என்று சொல்லிவிட்டுப் போனார். ஏப்ரல் நடுவில் பன்னீர்செல்வத்தின் விசாவை ரத்து செய்தார்கள். இன்னும் இரண்டு வருடம் இருந்து பெரிய பெண்ணுக்குக் கல்யாணம் முடித்துவிட்டுப் போவேன் என்று சொல்லிக்கொண்டிருந்தவர், நான்கு நாளில் பெட்டி கட்டினார்.

போகிற அன்று காலையில் தன் ஏழு கோழிகளையும் கூடையோடு கொண்டுவந்து கனகாவிடம் கொடுத்தார்.

"ரெண்டு முட்டையிடுதும்மா. பாத்துக்க" என்றார்.

அவள் கூடையை வாங்கிக்கொண்டாள். அப்போது சொல்லியிருக்கலாம். அப்போதுகூட ஒருவேளை ஏதாவது நடந்திருக்கும். அர்பாப் யாரிடமாவது பேசியிருப்பார், வேறு இடத்தில் வேலைக்குச் சேர்த்துவிட்டிருப்பார். கோழிகள் கூடைக்குள் கொக்கரித்தன. அவள் கூடையின் மூடியை இறுக்கிக் கட்டினாள். வைரவன் அவரைக் கட்டிக்கொண்டு அழுதான். அவளுக்கு அழுகை வரவில்லை. அழுதால் அது இன்னொரு பொய் போலிருந்தது.

ஏப்ரல் கடைசியில், ஷார்ஜாவில் வேலை பார்க்கிற ஒரு ஊர்க்காரர் குடும்பத்தோடு அருணா வந்து சேர்ந்தாள். ஒன்பது வயது. வளர்ந்து, வைரவன் மூக்கும் வீரம்மாளின் பேச்சுமாக இருந்தாள். முதல் நாலு நாள் அம்மாவை ஒரு விருந்தாளியைப் பார்ப்பதுபோலப் பார்த்தாள். ஐந்தாம் நாள் சிமெண்டுத் தொட்டியில் இறங்கி ஆடத் தொடங்கியதும் எல்லாம் சரியாகிவிட்டது. மோட்டார் கொட்டுகிற தண்ணீருக்கு அடியில் தலையைக் கொடுத்துக்கொண்டு கத்துவாள். அவ்வளவு தண்ணீரை அவள் பிறந்த ஊரில் யாரும் ஒரே இடத்தில் பார்த்ததில்லை. கனகா தொட்டி விளிம்பில் உட்கார்ந்து பார்ப்பாள். இந்த ஒரு காட்சிக்காகத்தானே என்று மனசைத் தேற்றப் பார்ப்பாள்.

ஒருநாள் அருணா விளிம்பில் ஏறி நின்று வேலிக்கு அப்பால் கையை நீட்டினாள். அந்த மரமெல்லாம் ஏன் எரிஞ்சு கெடக்கு என்று கேட்டாள்.

தண்ணி இல்லை என்றாள் கனகா.

"நம்மகிட்டதான் இம்புட்டு இருக்கேம்மா."

பிள்ளை அதைச் சொல்லிவிட்டு மறுபடி தண்ணீரில் குதித்துவிட்டது.  அதற்குப் பிறகு மகள் தொட்டியில் ஆடுகிற நேரத்தில் கனகா ஆட்டுக் கொட்டிலுக்குள் போய் ஏதாவது வேலை பார்ப்பாள். ஒன்றரை மாதம் இருந்துவிட்டு அருணா போனாள். விமான நிலையத்தில் மகள் அழுதது தனக்குக் கிடைக்கக் கூடாத ஒன்று கிடைத்ததுபோல அவளுக்குப் பட்டது.

மரங்கள் குலை தள்ளின. பழம் பழுத்தது. ஆகஸ்டில், வாக்கரைப் பிடித்துக்கொண்டு, இடுப்பு முறிந்த பிறகு முதல் தடவையாக அர்பாப் தோட்டத்துக்கு வந்தார். தன் மரத்துப் பழத்தைப் பிட்டுத் தின்றார். வைரவன் தோளில் தட்டினார். பிறகு மெல்ல வேலி வரைக்கும் நடந்து போய் அந்தப் பக்கத்தைப் பார்த்தார். காய்ந்த மட்டைகள் தொங்க, அறுபது மரமும் நின்றது.

தினமும் இரண்டு மணி நேரம் விட்டுமா இப்படி ஆயிற்று என்று வைரவனிடம் கேட்டார்.

கனகா பழத்தட்டோடு நாலு அடி தள்ளி நின்றாள். வைரவனுக்கு முதலில் விளங்கவில்லை. அவருடைய முகத்தைப் பார்த்தான். பிறகு திரும்பி அவளைப் பார்த்தான். அவள் பார்வையைத் தட்டில் வைத்திருந்தாள். 

"விட்டோம் அர்பாப்" என்றான் வைரவன் அரபியில். "பத்தலை."

பெரியவர் பெருமூச்சு விட்டு, அது ஆண்டவன் செயல் என்று ஏதோ சொல்லிக்கொண்டு திரும்பினார். கார் கிளம்பிப் போன பிறகு வைரவன் தொட்டியோரம் உட்கார்ந்தான். கனகாவும் கொஞ்சம் தள்ளி உட்கார்ந்தாள். அவன் கத்துவான், கை நீட்டினாலும் நீட்டுவான் என்று எதிர்பார்த்தாள். அடித்திருந்தால் நன்றாயிருந்திருக்கும்.

"என்னைக்குச் சொன்னாக?" என்று கேட்டான்.

"மொத நாளே."

அவன் வேறெதுவும் கேட்கவில்லை. பொய் சொல்லிப் பழக்கமில்லாத மனிதன் அவன். இத்தனை நாள் பன்னீர்செல்வத்திடம் அவன் சொன்னதெல்லாம் பொய்யாகிவிட்டது, அவன் அறியாமலே. இன்றைக்கு அர்பாபிடம் அறிந்தே ஒரு பொய் சொல்லிவிட்டான், அவளுக்காக. அந்த இரண்டாவதுதான் கனகாவுக்கு அதிகமாக வலித்தது.

மறுநாள் விடிந்ததும் அவள் ரப்பர் குழாயை இழுத்துக்கொண்டு கல்சுவரை ஏறினாள். வேலிக் கம்பியில் குழாயை நுழைக்க முடியாமல் நின்றபோது, வைரவன் வந்து கம்பியை வெட்டிவிட்டுப் போனான். அந்தப் பக்கம் யாருமில்லை. கேட்டில் பூட்டுத் தொங்கியது. ஒவ்வொரு மரமாகப் போய்க் குருத்தைப் பிரித்துப் பார்த்தாள். பெரும்பாலானவற்றில் குருத்து கையோடு வந்துவிட்டது. சிலதில் உள்ளே விரல் நீளத்துக்குப் பச்சை இருந்தது. தோட்டத்தில் இருக்கிற நாளெல்லாம் காலையில் ஒரு மணி நேரம் அங்கே தண்ணீர் விட்டாள். புஜைராவுக்குப் போகிற நாட்களில் வைரவன் விட்டான். அதைப் பற்றி இரண்டு பேரும் ஒரு வார்த்தையும் பேசிக்கொள்ளவில்லை. இவர்களுடைய கிணறு தாங்கியது. அந்தக் குளிர்காலம் மழையும் பெய்தது. கிணறு தாங்கும் என்று தெரிந்ததில்தான் அவளுக்கு உயிரே போயிற்று. அன்றைக்கே திறந்துவிட்டிருந்தாலும் தாங்கியிருக்கும்.

அறுபதில் பதினொன்று பிழைத்தன.

2008இல் இரண்டு பேரும் சேர்ந்து லீவில் ஊருக்குப் போனார்கள். வந்த மூன்றாம் நாள், பட்டுக்கோட்டைக்குப் போய்வர வேண்டும் என்று கனகாவே சொன்னாள். எதற்கு என்று வைரவன் கேட்கவில்லை. அவர் நிம்மதியாக இருப்பார், போய் ஏன் கிளற வேண்டும் என்று மட்டும் பஸ் ஸ்டாண்டில் ஒருமுறை சொன்னான். அவள் பஸ்ஸில் ஏறிவிட்டாள்.

பன்னீர்செல்வம் ஒரு அரிசி ஆலையில் எடை போடுகிற வேலையில் இருந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது. இவர்களைப் பார்த்ததும் அரை நாள் லீவு சொல்லிவிட்டு வீட்டுக்குக் கூட்டிப்போனார். மனைவி உலையில் இன்னும் இரண்டு ஆழாக்கு அரிசி போட்டாள். அவர் அர்பாபைப் பற்றி விசாரித்தார், ஆடுகளை விசாரித்தார், கோழிகள் இருக்கின்றனவா என்று சிரித்தார். பெரிய பெண்ணுக்குப் பேசி வைத்திருந்த இடம் அந்த வருடம் தட்டிப்போய்விட்டதாம். பிறகு வேறொரு இடத்தில் முடித்தார்களாம். மாப்பிள்ளை சுமார் என்று மனைவி அடுப்படியிலிருந்து சொன்னாள்.

கனகா அதற்கு மேல் பொறுக்கவில்லை. தரையைப் பார்த்தபடியே சொன்னாள். அர்பாப் முதல் நாளே தண்ணீர் விடச் சொல்லிவிட்டார், நான்தான் வந்து சொல்லவில்லை, இவருக்கும் தெரியாது, என் மகளுக்கு விசா கிடைக்க வேண்டுமென்று மறைத்துவிட்டேன் என்றாள். ஒரு மூச்சில் சொல்லி முடித்தாள். மன்னிப்பு என்ற வார்த்தையைச் சொல்ல வேண்டும் என்று பஸ்ஸில் வரும்போது நினைத்திருந்தாள். அது வாய்க்கு வரவில்லை. அதற்குப் பதிலாக, பதினோரு மரம் பிழைச்சிருக்குண்ணே, நாங்க தெனம் தண்ணி விட்டோம் என்றாள்.

 அடுப்படியில் கரண்டிச் சத்தம் நின்றுவிட்டது.

"ஆளு போனதுக்கு அப்புறம் மரத்துக்கு ஊத்துனியாக்கும்" என்றார் பன்னீர்செல்வம்.

குரலை உயர்த்தவில்லை. அவளைத் திட்டவில்லை. எழுந்து துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். அவர் மனைவி வாசற்படியில் வந்து நின்றாள். அவள் எல்லாவற்றையும் கேட்டிருந்தாள்.

"எலை போட்டாச்சு. சாப்புட்டுட்டுப் போங்க" என்றாள் அந்த அம்மாள். யாரையும் பார்த்துச் சொல்லவில்லை.

சாப்பிட்டார்கள். மீன் குழம்பு.  பரிமாறிய கை குறை வைக்கவில்லை. கேட்காமலே மறுசோறு வைத்தது. அதுதான் கனகாவால் தாங்க முடியாமல் இருந்தது. கிளம்பும்போது பன்னீர்செல்வம் வைரவனோடு தெருமுனை வரை வந்தார். வைரவனின் கையைப் பிடித்துக் கொஞ்ச நேரம் நின்றார். கனகா இரண்டடி பின்னால் நின்றாள். போய்ட்டு வர்றேண்ணே என்றாள். அவர் தலையை அசைத்ததுபோல இருந்தது, அசைக்காததுபோலவும் இருந்தது.

பஸ்ஸில் வைரவன் ஜன்னல் பக்கத்தை அவளுக்கு விட்டான். அறந்தாங்கி தாண்டியதும், "சொல்லாமலே இருந்துருக்கலாம்டு தோணுதா?" என்று கேட்டான். மூன்று வருடத்தில் அவன் அதைப் பற்றிக் கேட்ட இரண்டாவது கேள்வி அது.

இல்லை என்றாள். அது உண்மைதான். பாரம் குறைந்துவிட்டது என்றும் சொல்ல முடியாது. பாரம் அப்படியேதான் இருந்தது. ஆனால் இப்போது அதை எடுத்துப் போய் உரிய இடத்தில் காட்டிவிட்டாள். இனி மறைத்து வைத்துக்கொண்டு நடக்க வேண்டியதில்லை, அவ்வளவுதான்.

லீவு முடிந்து திரும்பினார்கள். பக்கத்துத் தோட்டத்தை அஜ்மானிலிருந்து வந்த வேறொருவர் எடுத்துக்கொண்டு ஆழ்துளைக் கிணறு போட்டார். புது ஆட்கள் வந்தார்கள். கனகா தொடர்ந்து செவ்வாய்க்கிழமைகளில் புஜைராவுக்குப் போய் வந்தாள். ஒரு மாற்றம் மட்டும் வந்தது. அர்பாப் வீட்டில் யார் எதைச் சொல்லி அனுப்பினாலும், அது ஆட்டு மருந்தானாலும் சரி, வெள்ளிக்கிழமை எத்தனை பேர் வருகிறார்கள் என்பதானாலும் சரி, வண்டியை விட்டு இறங்கிய உடனே, பையைக் கீழே வைப்பதற்கு முன்னால், வைரவனிடம் ஒப்பித்துவிடுவாள். சில சமயம் அவன் குளித்துக்கொண்டிருந்தால் கதவுக்கு வெளியே நின்று சொல்வாள். கேட்டுக்கிட்டேன், கேட்டுக்கிட்டேன் என்பான் அவன்.

2009 பொங்கலன்று வைரவன் சாலை வரைக்கும் நடந்து போய், போன் எடுக்கிற இடத்தில் நின்று ஊருக்குப் பேசிக்கொண்டிருந்தபோது, பன்னீர்செல்வத்திடமிருந்து அழைப்பு வந்தது. அதற்குப் பிறகு வருடத்துக்கு இரண்டு மூன்று தடவை அவர் கூப்பிடுவது வழக்கமாயிற்று. மழை பெய்ததா, வாதியில் தண்ணீர் வந்ததா, அர்பாபுக்கு உடம்பு தேவலையா என்று கேட்பார். சின்னப் பெண்ணுக்குக் கல்யாணம் நிச்சயமானதைச் சொன்னார். பேரன் பிறந்ததைச் சொன்னார். கனகாவைப் பற்றி ஒருமுறைகூடக் கேட்டதில்லை. போனை அவளிடம் கொடு என்றும் சொன்னதில்லை.

கனகா பக்கத்திலேயே நின்றிருப்பாள். மறுமுனைக் குரல் லேசாக வெளியே கசியும். வைரவன் பேசி முடித்துப் போனைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டதும், அண்ணே என்ன சொன்னாக என்று கேட்பாள். அவர் சொன்னதையெல்லாம் ஒன்று விடாமல் வைரவன் அவளிடம் சொல்வான்.